முப்பத்தெட்டு கிலோமீட்டர்

வாஷிங் மெஷின் மெக்கானிக்குக்கு எங்கள் பக்கத்தில் ‘ஒரு நிமிஷம்’ என்று பட்டப்பெயர். எதைக் கேட்டாலும் அப்படிச் சொல்லிவிட்டு, காதில் போனோடு வெளியே போய்விடுவார். வரிக் கணக்கு பார்க்கும் என் அலுவலகத்துக்கு வந்தாலும் நாற்காலி நுனியில்தான் ஒட்டிக்கொண்டிருப்பார். வேன் சாவி விரலில் சுற்றிக்கொண்டே இருக்கும். அந்தச் சத்தம் கேட்டாலே எனக்கு எரிச்சல் வரும்.

இந்த வருஷம் அவருக்கு வரி அலுவலகத்திலிருந்து நோட்டீஸ் வந்தது. டீசல், ரிப்பேர், இன்சூரன்ஸ் எல்லாவற்றையும் தொழில் செலவாகக் கழித்திருந்தோம். வேன் தொழிலுக்குத்தான் ஓடியது என்பதற்கு வெள்ளிக்கிழமைக்குள் பயணக் குறிப்பைக் காட்ட வேண்டும். காட்டாவிட்டால் வரும் வரியைக் கட்ட வேனையே விற்க வேண்டியதுதான்.

குறிப்பு இருந்தது. கிலோமீட்டரை நாள் தவறாமல் எழுதியிருந்தார். போன இடத்தின் பெயருக்குப் பதில் மெஷினின் கோளாறு மட்டும்: ‘பெல்ட்’, ‘ஒழுகல்’, ‘சத்தம்’.

“இது யார் வீடுங்க?”

“மெஷினைப் பார்த்தா சொல்லிடுவேன் சார்.”

தலையில் அடித்துக்கொண்டேன்.

மறுநாள் மனைவியை அழைத்து வந்தார். வீட்டில் போன் எடுத்து விலாசம் குறித்துக்கொள்வது அந்த அம்மாதான். நான் தேதி சொல்லச் சொல்ல, “அது தையல்கடைக்காரங்க, பள்ளிக்கூடத்துக்குப் பின்சந்து” என்று தயங்காமல் சொன்னார். மெக்கானிக் வாசலுக்கும் மேஜைக்கும் நடந்துகொண்டிருந்தார்.

ஜூலை பத்தொன்பது, ‘சத்தம்’, முப்பத்தெட்டு கிலோமீட்டர். அந்த அம்மா நிமிர்ந்தார்.

“அன்னைக்கு யாரும் கூப்பிடல சார். எங்க அக்கா வீட்டுக்குப் போனோம். நுழைஞ்சதும் மெஷின் சத்தம் போடுதுன்னு கழட்டிப் போட்டுட்டு உக்காந்துட்டார்.”

“பணம் வாங்கினீங்களா?”

“சொந்தக்காரங்ககிட்டயா?” மெக்கானிக்குக்குக் கோபம் வந்துவிட்டது.

அப்படியானால் அது சொந்த உபயோகம். கூட்டிப் பார்த்தேன். வருஷம் முழுக்க ஓடிய பதினாலாயிரம் கிலோமீட்டரில் சொந்த உபயோகம் அது ஒன்றுதான்.

“இதை யாரும் நம்ப மாட்டாங்க. சொந்தக் கணக்குல கொஞ்சம் கூட்டிக் காட்டலாம்” என்றேன்.

“போகாத ஊருக்கு எதுக்கு சார் கணக்கு? நான் வந்து சொல்றேன்” என்றார் அந்த அம்மா.

வெள்ளிக்கிழமை இருவரும் வரி அலுவலகத்துக்கு வந்தார்கள். வருஷத்துக்கு ஒரே ஒரு சொந்தப் பயணம்தானா என்று, நான் பயந்த கேள்வியையே அதிகாரியும் கேட்டார்.

“நிஜம்தாங்க” என்றார் அந்த அம்மா. “அந்த ஒரு நாளைத் தவிர பக்கத்து சீட்ல எப்பவும் அவரோட டூல்ஸ் பெட்டிதான் உக்காந்திருக்கும். வேன் கிளம்புறதை வாசல்ல நின்னு பார்க்கிறது நான்தானே.”

அதிகாரி அந்த அம்மாவையே சற்று நேரம் பார்த்தார். அப்புறம் கையெழுத்துப் போட்டார். வேன் தப்பித்தது. எனக்குத்தான் சந்தோஷப்பட முடியவில்லை.

வெளியே வந்ததும் மெக்கானிக்கின் போன் அடித்தது. “ஒரு நிமிஷம்” என்றார். அடுத்த நிமிஷம் வேன் தெருமுனையைத் தாண்டிவிட்டது.

நானும் அந்த அம்மாவும் பஸ் ஸ்டாப்பில் நின்றோம்.

“எழுதிக்கோங்க சார்,” என்றார், வேன் போன திசையைப் பார்த்தபடி. “இதுவும் தொழில்தான்.”