பேசாமல் இருந்த குற்றம்

போன சனிக்கிழமை திருவட்டாறு போகிற வழியில் ஒரு சந்தையில் பஸ்ஸை விட்டு இறங்கினேன். ஊர்ப் பெயர் வேண்டாம்... கோபம் இன்னும் தணியவில்லை.

எஸ்தர் டீச்சரைப் பார்க்கத்தான் போனேன். மிஷன் பள்ளிக்கூடத்தில் டிராயிங் டீச்சர். லீவு நாட்களில் சந்தைகளில் விசித்திரமாக ஒரு காட்சி நடத்துகிறார். கூட்டத்திலிருந்து இரண்டு பேரை எதிரெதிரே உட்கார வைப்பார். வாய் திறக்கக் கூடாது. கையாலும் கண்ணாலும்தான் பேச வேண்டும். பின்னால் கட்டிய வெள்ளைத் துணியில், இருவருக்கும் நடுவே என்ன நடக்கிறதென்று டீச்சர் கரியால் வரைந்துகொண்டே இருப்பார்.

"மனுசனை மனுசன் எப்பிடிப் புரிஞ்சுக்கிடுதான்னு பாக்கேன்" என்பார்.

அன்று அவர் அழைத்தது ஜவுளிக்கடை தாணுமாலயனையும் மருந்துக்கடை கோபாலனையும். அடுத்தடுத்த கடைகள். தாணுமாலயன் தமிழ், கோபாலன் மலையாளம். நம் தாலுகாக்கள் மதராஸோடு சேர்வதா, திருவிதாங்கூர்-கொச்சியோடு இருப்பதா என்ற சண்டை மூண்டதிலிருந்து இருவருக்கும் பேச்சில்லை.

முதலில் இருவரும் தரையையே பார்த்தார்கள். கூட்டம் சிரித்தது. பிறகு கோபாலன் சிறுமியின் உயரத்துக்குக் கையைக் காட்டி, நெற்றியைத் தொட்டு, புருவத்தை உயர்த்தினார். தாணுமாலயனின் மகள் டைபாய்டில் படுத்திருந்தாள். எப்படியிருக்கிறாள் என்று கேட்கிறார்!

தாணுமாலயன் சோற்றைப் பிசைந்து வாயில் வைப்பதுபோல் காட்டினார். சாப்பிடத் தொடங்கிவிட்டாள். காட்டும்போதே அவர் கண் கலங்கிவிட்டது. துணியில் இரண்டு ஆண்களுக்கு நடுவே ஒரு பெண்குழந்தையின் முகம் வந்தது. சிரித்த கூட்டம் அந்த முகத்தைப் பார்க்க நெருங்கி வந்தது.

அப்போதுதான் ஜீப் வந்து நின்றது. இன்ஸ்பெக்டர் இறங்கினார்.

"இது ஏது பாஷையில் நடத்துற நாடகம்?"

"ஒரு பாஷையும் இல்ல சார்" என்றார் டீச்சர்.

"பாஷை இல்லாம என்ன பேச்சு? கைக்குறி காட்டி ஆளைக் கூட்டுறியோ?"

"எனக்க பிள்ளைக்குக் காய்ச்சல் கொறஞ்சுதான்னு கேட்டாரு சார். அவ்வளவுதான்" என்றார் தாணுமாலயன்.

யார் காது கொடுத்தார்கள்? கூட வந்த போலீஸ்காரர்கள் துணியை அவிழ்த்துச் சுருட்டி ஜீப்பில் போட்டுக்கொண்டு போனார்கள். கூட்டத்தையும் விரட்டினார்கள்.

பேசினால் கலகம். சரி, பேசாமல் இருந்தால்? அது சதியாம்! ஒரு குழந்தையின் காய்ச்சலை விசாரிக்க எந்த சர்க்காரிடம் லைசென்ஸ் வாங்க வேண்டும்?

சாயங்காலம் கடைகளைப் பூட்டிவிட்டு இருவரும் சேர்ந்தே ஸ்டேஷனுக்கு வந்தார்கள். டீச்சரும் நானும் பின்னால். கோபாலன்தான் முன்னே போய்க் கேட்டார்.

"அது நம்ம பிள்ளைக்க படமாக்கும் சார். திருப்பித் தரணும்."

கான்ஸ்டபிள் எடுத்துவந்தார். அந்தத் துணியால் ஜீப்பைத் துடைத்திருக்கிறார்கள். எண்ணெயும் சேறும்... முகம் இருந்த இடத்தில் ஒரு கறுப்புத் திட்டு. டீச்சர் அதை வாங்கி மடித்துக்கொண்டார்.

திரும்பும் வழியெல்லாம் தாணுமாலயனும் கோபாலனும் சண்டைதான் — மதராஸா, கொச்சியா என்று, தொண்டை கிழிய. அதைக் கேட்டு டீச்சர் சிரித்துக்கொண்டே நடந்தார்.

எனக்குச் சிரிப்பு வரவில்லை. ஒரு குழந்தையின் முகத்தால் சக்கரம் துடைத்த கைக்கு என்ன பாஷை தெரிந்து என்ன?