கடைசிப் பக்கத்தில் ஐந்து பெயர்கள்

தனபால் அண்ணன் போய்விட்டார்.

இன்று காலை, கேமரன் மலை கம்போங் ராஜாவில், மகள் வீட்டில். மகள்தான் போன் செய்து சொன்னாள். பிறகு வாட்ஸ்அப்பில் ஒரு போட்டோ அனுப்பினாள்... அதைத்தான் திரும்பத் திரும்பத் திறந்து பார்த்துக்கொண்டிருக்கிறேன்.

எழுபதுகளின் கடைசியில் அந்த மலையில் ஒரே தேயிலைத் தோட்டத்து ஆபீஸில் வேலை பார்த்தோம். அவர் சின்னக் கிராணி, அதாவது கிளார்க். நான் பைல் அடுக்குகிற பெண். என்னிடம் உருப்படியாக இருந்தது கையெழுத்து மட்டும்தான்.

அண்ணனுக்கு ஒரு கிறுக்கு. நாங்கள் இருந்த பகாங் மாநிலத்தைப் பற்றித் தமிழில் நம் பிள்ளைகள் படிக்க ஒரு புத்தகம்கூட இல்லையே என்று.

"லண்டன்ல ஓடுற ஆத்துப் பேரு தெரியுது. கீழ ஓடுற பெர்த்தாம் எங்க போயி சேருதுன்னு ஒருத்தனுக்கும் தெரியலை லா" என்பார்.

கடைசியில் அவரே எழுதினார். முன்பாதி பிள்ளைகளுக்கு: ஆறு, யானை, சுல்தான், ஈயம். பின்பாதி பெரியவர்களுக்கு: இந்த மலையில் ரோடு போட்டவர்கள், காடு வெட்டியவர்கள்... தொழிலாளர் வரிசை வீடுகளில் லயத்துக்கு லயம் போய்க் கேட்டு எழுதிய கதைகள்.

ஸ்டென்சில் தாளில் இரும்புப் பேனாவால் எழுதியது நான். பிள்ளைகள் புத்தகம் என்று சொல்லி பெரிய கிராணியிடம் அனுமதி வாங்கி, ஆபீஸ் சைக்ளோஸ்டைல் மெஷினில் நாற்பது காப்பி உருட்டினோம்.

கடைசிப் பக்கத்தில் கதை சொன்ன ஐந்து பேரின் பெயர்கள். வெறும் பேரைப் போட்டால் மரியாதையாக இருக்காதாம். எந்த லயம், எத்தனையாம் நம்பர் வீடு, என்ன கதை... எல்லாம் போடச் சொன்னார். எங்கள் அம்மா பெயரை முதலில் போட்டு, கொஞ்சம் பெரிதாகவே எழுதினேன்.

முட்டாள் கழுதை நான்.

அம்மா சொன்ன கதை என்ன தெரியுமா? வெள்ளைக்காரன் காலத்து அவசரகாலத்தில், காட்டில் கம்யூனிஸ்டுகள் இருந்தபோது, உயிருக்குப் பயந்து கொழுந்துக் கூடைக்கு அடியில் அரிசி மறைத்துக் கொண்டுபோய் அவர்களுக்குக் கொடுத்த கதை.

அம்மாவிடம் இருந்தது சிவப்பு ஐசி என்கிற அடையாள அட்டை. குடியுரிமை கிடையாது. வேலை பெர்மிட் கிடைக்காத குடும்பங்கள் இந்தியாவுக்குக் கப்பல் ஏறிப்போய்ச் சில வருஷங்கள்தான் ஆகியிருந்தன. காட்டில் ஆட்கள் இன்னும் இருக்கிறார்கள் என்ற பேச்சும் ஓயவில்லை.

ஞாயிற்றுக்கிழமை காலையில் கோயிலில் வைத்துப் புத்தகம் கொடுத்தோம். அம்மாவுக்குப் படிக்கத் தெரியாது. பக்கத்து வீட்டு அக்கா கடைசிப் பக்கத்தைச் சத்தமாகப் படித்துக் காட்டினார், பாராட்டுகிற மாதிரி.

"வீட்டு நம்பருமா போட்டிருக்கு?"

அம்மா கேட்டது அவ்வளவுதான். திட்டக்கூட இல்லை. பவுடர் டின்னில் இருந்த ஐசியை எடுத்து ரவிக்கைக்குள் வைத்துக்கொண்டாள்.

ஓடிப்போய் அண்ணனிடம் சொன்னேன். முகத்தில் ரத்தமே இல்லை அவருக்கு.

"நன்றி சொல்லணும்னுதானே தங்கச்சி போட்டேன்... யாரு பேரும் விட்டுறக்கூடாதுன்னு..."

அன்று மாலைக்குள் வீடு வீடாகப் போனோம். தப்பாக அச்சாகிவிட்டது என்று பொய் சொல்லிக் கடைசிப் பக்கத்தை மட்டும் கிழித்து வாங்கினோம். முப்பத்தொன்பது கிடைத்தது.

நாற்பதாவது பெரிய கிராணியின் மேசையில். திங்கட்கிழமை முதல் வேலையாக எடுத்துவிடலாம் என்று போனால்... வாசலில் போலீஸ் ஜீப்.

உள்ளே ஒரு மலாய் சார்ஜன் உட்கார்ந்து டீ குடித்துக்கொண்டிருந்தார். அவர் கோப்பைக்கு அடியில் எங்கள் புத்தகம்.

எடுத்துப் புரட்டினார். அவருக்குத் தமிழ் படிக்கத் தெரியாது. படம் வரைந்த பக்கங்களைத் தாண்டிக் கடைசிப் பக்கத்தில் நின்றார். இது மட்டும் ஏன் லிஸ்ட் மாதிரி இருக்கிறது, படி என்று மலாயில் அண்ணனிடம் சொன்னார்.

பெரிய கிராணி எதிரிலேயே இருந்தார். அவருக்குத் தமிழ் நன்றாகவே தெரியும். எட்டிப் பார்த்தார்.

அண்ணன் என் அம்மா பெயருக்குக் கீழே விரலை வைத்தார்.

"சுங்கை பெர்த்தாம்" என்றார்.

விரல் இறங்கியது. "சுங்கை தெலோம்... சுங்கை ஜெலாய்... சுங்கை தெம்பெலிங்... சுங்கை பகாங்."

ஐந்து பேரும் ஐந்து ஆறுகள் ஆனார்கள். அந்த விரல் நடுங்கியதை நான் பார்த்தேன். சார்ஜனும் பார்த்திருப்பாரோ என்று இன்றைக்கும் நினைப்பேன்.

"இந்த நம்பர் எல்லாம்?"

"பக்க நம்பர், துவான்."

பெரிய கிராணி குனிந்து டீயைக் கலக்கிக்கொண்டே இருந்தார்.

மலாயிலும் எழுது, என் பிள்ளைகளும் படிக்கட்டும் என்று சொல்லிவிட்டு சார்ஜன் எழுந்து போனார். பக்கத்துத் திரிங்காப்பில் கவிழ்ந்த காய்கறி லோரி விஷயமாக வந்தவராம்.

ஜீப் சத்தம் அடங்கிய பிறகு பெரிய கிராணி தன் கையாலேயே அந்தப் பக்கத்தைக் கிழித்து நீட்டினார். "எல்லாத்தையும் எரிச்சிரு தனபாலு" என்றார்.

எண்பதுகளிலும் அண்ணன் புத்தகம் போட்டார். எல்லாம் பிள்ளைகளுக்கு மட்டும். பெரியவர்களுக்கு எப்போது என்று ஒருமுறை கேட்டேன்.

"யானைக்கு ஐசி கிடையாது தங்கச்சி. பயமில்லாம எழுதலாம் லா."

சிரித்துக்கொண்டுதான் சொன்னார். எனக்குச் சிரிப்பு வரவில்லை.

அம்மா சிவப்பு ஐசியோடுதான் இறந்தாள். கடைசிவரை ஜீப் சத்தம் கேட்டால் கை தானாக ரவிக்கையைத் தொட்டுப் பார்க்கும்.

மகள் அனுப்பிய போட்டோவில் ஒரு பிஸ்கட் டின். உள்ளே அந்தப் பக்கங்கள், நாற்பதும். எதையும் எரிக்கவில்லை மனுஷன். மேலே தெரிவது என் கையெழுத்து.

"ஆன்ட்டி, இதெல்லாம் யாரு பேரு?" என்று கேட்டிருக்கிறாள். இன்னும் பதில் போடவில்லை.

இந்தப் பதிவிலும் அம்மா பெயரை மூன்று தடவை எழுதி மூன்று தடவையும் அழித்துவிட்டேன். இனி யார் வந்து என்ன கேட்கப்போகிறார்கள்... ஆனாலும் பயமாகத்தான் இருக்கிறது.

போய் வாங்கண்ணே. நாளைக்குக் காலையில் உங்களைப் பார்க்க மலைக்கு வந்துவிடுகிறேன்.

முதல் பெயர் அஞ்சலை. இரண்டாம் லயம், ஏழாம் நம்பர் வீடு.