புரட்சிக்கு நல்லூர் பனியன்

"அந்தக் கண்ணாடி போட்ட அம்மிணி பனியன் கம்பெனிக்குத்தான் போகுது. ஆனா தைக்கறதுக்கில்லையாமா, பேசறதுக்காமா" என்று நல்லூர் பஸ்ஸில் என் முன்சீட்டு அம்மா என்னைக் காட்டிப் பக்கத்து அம்மாவிடம் சொல்லிக்கொண்டிருந்தார்.

பனியன் தொழிலில் துணியைவிட வேகமாகச் சுருங்குவது ஷிப்மெண்ட் தேதிதான். வெளிநாட்டுச் செய்தி அடித்து வரும் டெலெக்ஸ் மெஷினுக்கும் முதலாளிக்கும் நடுவே, மொழிபெயர்க்க நாற்காலி போட்டு உட்கார்ந்தவர்களுக்கு இதை விளக்க வேண்டியதில்லை. நான் கோவையில் கல்லூரி படித்தபோது மதிப்பெண்ணுக்காகப் பிரெஞ்சு எடுத்தவள். அதை வைத்து யாரிடமாவது பேச வேண்டிவரும் என்று ஒருநாளும் நினைத்ததில்லை. தமிழிலேயே அவ்வளவாகப் பேசாதவள் நான்.

அது 1989. பிரெஞ்சுப் புரட்சிக்கு இருநூறு வயது. அதைக் கொண்டாட அந்த ஊர்க்காரர்கள் போட்டுக்கொள்ளும் வெள்ளை டி-ஷர்ட் ஆர்டர் எங்களுக்கு வந்திருந்தது. ஜூலை 14-க்கு முன்பே கடைக்குப் போய்ச் சேர வேண்டும். பதினைந்தாம் தேதி போய்ச் சேர்ந்தால் வண்டி துடைக்கத்தான் ஆகும். முதலாளி சென்னியப்பண்ணனுக்கு இதுதான் முதல் வெளிநாட்டு ஆர்டர். காங்கேயத்தில் அவருடைய அண்ணன் நடத்தும் எண்ணெய் மில்லில் சண்டை போட்டுக்கொண்டு வெளியே வந்து ஆரம்பித்த கம்பெனி இது. ஆர்டர் கைவிட்டுப் போனால் திரும்பவும் அண்ணனிடமே போய்க் கொப்பரை எடை போட வேண்டியதுதான். இதை அவர் தினமும் காலையில் எங்களிடம் சொல்வார்.

கத்தி போட்ட பனியன்

பாரிஸிலிருந்து வந்த முதல் டிசைனில் தலைவெட்டும் எந்திரத்தின் படம் இருந்தது. சென்னியப்பண்ணன் அதைக் கவிழ்த்து வைத்துவிட்டார். வெள்ளிக்கிழமையும் அதுவுமாக இதை எப்படி பிரிண்டிங்குக்கு அனுப்புவது என்று கேட்டார். கதையைச் சொல்லச் சொன்னார். ரொட்டி கிடைக்காத ஜனங்கள், கோட்டையை உடைத்தது, ராஜாவுக்கு நேர்ந்த கதி எல்லாவற்றையும் சொன்னேன். புத்தி சொல்ல ராஜாவுக்கு ஒரு மச்சான்கூட இல்லையா என்றார்.

இருந்தார், ராணியின் அண்ணனே பக்கத்து நாட்டுச் சக்கரவர்த்தி, ராணி வீட்டார் படை திரட்டப் போய்த்தான் வம்பு முற்றியது என்றேன். அவர் முகம் தெளிந்தது. கத்தியை எடுத்துவிட்டு, புரட்சியின் மூன்று வார்த்தைகளை மட்டும் நீலத்திலும் சிவப்பிலும் அடிக்கலாம் என்று டெலெக்ஸ் கொடுக்கச் சொன்னார். எழுந்து போகும்போது சொன்னார்: "பொண்ணு எடுத்த ஊட்டுக்காரங்களப் பஞ்சாயத்துக்குக் கூப்பிட்டா வேற என்னங்க அம்மிணி நடக்கும்?"

டீ

செக்கிங் டேபிளுக்குத் தலைவி மரகதக்கா. பிசிறு வெட்டுவது, மடிப்பது எல்லாம் அவருடைய ஆட்கள். அத்தனை பேரும் பெண்கள். மார்பில் என்ன எழுதியிருக்கிறது என்று தெரியாமல் மடிக்க மாட்டேன் என்றார். விடுதலை, சமத்துவம், சகோதரத்துவம் என்று தரையைப் பார்த்துக்கொண்டே சொன்னேன். மரகதக்கா மூன்றையும் விரல்விட்டு எண்ணிக்கொண்டார்.

எங்கள் கம்பெனியில் டெய்லர்களுக்குக் காலையும் மாலையும் டீ, பன் உண்டு. செக்கிங் பெண்களுக்குக் காலையில் மட்டும்தான், பன் கிடையாது. ஏன் என்று யாருக்கும் தெரியாது. அன்று மாலை டீத்தூக்கு டெய்லர்கள் பக்கம் போனபோது, அந்த வழியாக வந்த முதலாளியை மரகதக்கா நிறுத்தினார். கையிலிருந்த டி-ஷர்ட்டை விரித்துக் காட்டி, மிகவும் மரியாதையாகக் கேட்டார்: "ஏனுங்க, இதுல ரெண்டாவது வார்த்தை எங்க டேபிளுக்கு எத்தன மணிக்கு வருமுங்க?"

கல்லெறிந்தவர்

தரம் பார்க்க பாரிஸிலிருந்து பெர்னார் என்பவர் வந்தார். வாழையிலையில் சாப்பிட்டபடி, தான் மாணவனாக இருந்தபோது 1968-இல் பாரிஸ் தெருவின் கற்களைப் பெயர்த்துப் போலீஸ்மீது எறிந்த கதையைச் சொன்னார். அப்போது பாரிஸ் சுவர்களில் தடை செய்வதைத் தடை செய்வோம் என்றெல்லாம் எழுதினார்களாம். பாயசம் வரும்வரை நான் அதைத் தமிழில் சொல்லிக்கொண்டிருந்தேன். என் இலையில் எல்லாம் ஆறிவிட்டது.

சாப்பிட்டு எழுந்ததும் அதே பெர்னார் அளவு நாடாவோடு உட்கார்ந்தார். கழுத்துப் பட்டி நூலிழை அளவு விலகியிருந்ததெல்லாம் ஒரு பக்கம் போய்க் குவிந்தது. சென்னியப்பண்ணன் அந்தக் குவியலையே பார்த்துக்கொண்டிருந்தார். பிறகு என் பக்கம் குனிந்தார்: "அன்னைக்கு இவரு எறிஞ்ச கல்லுக்கெல்லாம் யாரு செக்கிங் பண்ணுனாங்கன்னு கேளுங்க அம்மிணி."



மஞ்சள்

பெர்னார் கோவைக்குப் போய்விட்டு, பேக்கிங்குக்கு முன் கடைசியாக ஒருமுறை பார்க்க வந்தார். ஒரு டி-ஷர்ட்டின் கீழ் மடிப்பைத் திருப்பினார். உள்பக்கம் மஞ்சளாக ஒரு பொட்டு. அடுத்ததிலும் பொட்டு. எல்லாவற்றிலும் இருந்தது. கறை, அத்தனையும் ரிஜெக்ட் என்றார். செவ்வாய்க்கிழமை காலை தான் திரும்பி வருவதற்குள் கறை போயிருக்காவிட்டால் ஆர்டரே கேன்சல் என்றார். இதை மொழிபெயர்க்கும்போது சென்னியப்பண்ணன் பக்கத்திலிருந்த ஸ்டூலில் உட்கார்ந்துவிட்டார்.

மரகதக்கா டேபிளின் வேலை அது. ராஜா கதையைச் சொல்லி, இது அந்த நாட்டுக்கே பெரிய பண்டிகை, நம்மூர் நோம்பி மாதிரி என்று நான்தான் சொல்லியிருந்தேன். நோம்பிக்குப் போடும் புதுத்துணியில் மஞ்சள் வைக்காமல் எப்படி அனுப்புவது? மாலை டீ வர ஆரம்பித்த சந்தோஷம் வேறு. ஒன்றுவிடாமல் வைத்திருந்தார்கள். அவசரத்தில் ஒருவர் சோப்புப் போட்டுத் தேய்க்க, மஞ்சள் குங்குமச் சிவப்பாகிவிட்டது. மரகதக்கா மட்டும் கலங்கவில்லை: "மஞ்ச வெக்காத துணியப் போட்டுத்தானுங்க அந்த ராஜாவுக்கு அப்படி ஆச்சு."

களம்

சிவப்பு அலசினால் மஞ்சளாகும், மஞ்சள் வெயிலில் போகும். ஆனால் எங்கள் கம்பெனிக்கு ஆஸ்பெஸ்டாஸ் கூரை. மொட்டை மாடி கிடையாது. ஆயிரக்கணக்கான துணியை ஒரே நாளில் விரிக்கிற இடம் காங்கேயத்துக் கொப்பரைக் களம்தான். அது அண்ணனுடையது. இருவருக்கும் பேச்சு நின்று இரண்டு வருஷம். அலசிய துணியையும் மரகதக்கா டேபிள் பெண்களையும் வேனில் ஏற்றிவிட்டு, சென்னியப்பண்ணன் என்னையும் ஏறச் சொன்னார்: "பிரெஞ்சுக்காரங்கிட்டயே பேசறீங்க, எங்கண்ணங்கிட்டப் பேச மாட்டீங்களா?"

களத்தில் அண்ணன் ஒரு பக்கம், தம்பி ஒரு பக்கம், நடுவில் நான். விஷயத்தைச் சொன்னேன். அண்ணன் என்னைப் பார்த்து, "கேக்கறவனுக்கு வாய் இல்லையான்னு கேளுங்க" என்றார். பத்தடி தள்ளி நின்றவரிடம் திரும்பி அதையே தமிழிலிருந்து தமிழுக்குச் சொன்னேன். இருக்கிறது என்று சொல்லச் சொன்னார். சொன்னேன். பாதிக் களத்தில் கொப்பரை காய்கிறது, மீதிப் பாதியை எடுத்துக்கொள்ளட்டும் என்று பதில் வந்தது. அதையும் சேர்ப்பித்தேன். என் வேலையில் அகராதி தேவைப்படாத நாள் அது ஒன்றுதான். அன்றைக்குப்போல் நான் வியர்த்ததும் இல்லை.

மதியத்துக்குள் பொட்டுகள் வெளுத்து வந்தன. மூன்று மணிக்கு மேற்கே மேகம் கூடி, தூறல் விழ ஆரம்பித்தது. மில்லில் மழைக்கு மூட இருந்தது ஒரே ஒரு படுதா. நனைந்த கொப்பரை பூசணம் பிடித்துவிடும் என்பதால் மில் ஆள் அதை வழக்கம்போல் கொப்பரைப் பக்கம் தூக்கிக்கொண்டு ஓடினார். சென்னியப்பண்ணனும் பெண்களும் கைக்கு அகப்பட்டதை அள்ளிக்கொண்டிருந்தார்கள். அண்ணன் வானத்தைப் பார்த்தார், கொப்பரையைப் பார்த்தார். வேட்டியை மடித்துக் கட்டிக்கொண்டு போய் ஆளிடமிருந்து படுதாவைப் பிடுங்கினார். ஒரு முனையைத் தம்பியிடம் எறிந்து, "புடிடா" என்று என் வழியாக இல்லாமல் நேராகவே சொல்லிவிட்டு, மறுமுனையை டி-ஷர்ட்டுகளின் மேல் இழுத்து விரித்தார்.