எஃப்ரயிமின் முகமும் அரிசி எண்ணிய பேய்களும்

கரீபியக் கடலிலுள்ள எங்கள் பெக்குவே தீவில் நாற்பது கொள்ளைக்காரப் பேய்களை ஒற்றை ஆளாக மண்டியிட வைத்தவர் எஃப்ரயிம். நாற்பது என்பது என் கைச்சரக்கு; ஒன்பது பேர்தான். அதில் எட்டுப் பேருக்கு நானே பள்ளிக்கூடத்தில் பெருக்கல் வாய்ப்பாடு சொல்லிக்கொடுத்திருக்கிறேன்.

எஃப்ரயிம் படகுகளுக்குச் சாயம் பூசுகிறவர். வயது ஐம்பத்து மூன்று. மூக்கு நீளம், அதைப் பற்றிய பெருமை அதைவிட நீளம். கடற்கொள்ளையர் படம் எடுக்க வெளிநாட்டார் வந்திறங்கியபோது அவருக்கு மாலுமி வேஷம் கிடைத்தது. மூழ்கிய கப்பலிலிருந்து எழுந்த பேய்கள் துரத்த, அவர் சாராயக்கடைக்குள் ஓடிவர வேண்டும். கேமரா கடைக்குள்ளே. தன் முகம் திரை முழுக்கத் தெரியும் என்று துறைமுகத்தில் ஒருவர் பாக்கியில்லாமல் எல்லாரிடமும் சொல்லிவிட்டார். கிரெனடாவிலிருக்கும் அக்காவுக்குக் கடிதமும் போட்டாயிற்று.

பேய்த்தலைவன் வேஷம் அவர் மச்சான், மனைவியின் அண்ணன் காஸ்பருக்கு. தலையில் அகலத் தொப்பி வைத்து, கன்னமெல்லாம் பாசியும் சிப்பியும் ஒட்டிவிட்டிருந்தார்கள்.

இயக்குநர் கையசைத்தார். எஃப்ரயிம் ஓடிவந்தார். வாசலில் சட்டென்று திரும்பி, பின்பக்கமாக நடந்து உள்ளே நுழைந்தார். மூன்று முறை எடுத்தார்கள். மூன்று முறையும் முதுகுதான் பதிவானது.

"முகத்தைக் காட்டுங்க. அதுக்குத்தானே உங்களைக் கூப்பிட்டோம்?" என்றார் இயக்குநர்.

"பேய் பின்னால வர்றப்ப எவனாவது நேரா உள்ள நுழைவானா சார்? கூடவே ஒட்டிக்கிட்டு வந்துடும். பின்பக்கமா நுழைஞ்சாத்தான் வாசலோட நிக்கும்."

"அது உங்க மச்சான்."

"அப்ப இன்னும் ஜாக்கிரதையா இருக்கணும்."

வெளியிலிருந்து காஸ்பர் குரல் கொடுத்தான். "முடியலேன்னா சொல்லிடு மச்சான், வேஷத்தை மாத்திக்கலாம். என் மூஞ்சியும் ஒண்ணும் மோசமில்ல."

"இன்னொரு தடவை முதுகைக் காட்டினா வேற ஆளைப் போட்டுடுவேன்," என்றார் இயக்குநர்.

எஃப்ரயிம் படக்குழுவின் சமையற்காரரிடம் ஓடி ஒரு சட்டி அரிசி வாங்கிவந்து வாசற்படியில் இறைத்தார்.

"இனி பயமில்ல சார். அரிசியைக் கண்டா பேய் எண்ணி முடிக்காமத் தாண்டாது. நான் நேராவே வர்றேன்."

பொழுது சாய்வதற்குள் வேலை முடிந்தால் போதுமென்று இயக்குநர் தலையாட்டினார்.

இந்த முறை எஃப்ரயிம் மூக்கு முன்னால் வர, நேராக ஓடிவந்தார். கேமராவைப் பார்த்துப் பல்லைக்கூடக் காட்டினார். பின்னாலேயே வந்த காஸ்பர் வாசற்படியில் நின்றான். கத்தியைக் கீழே வைத்தான். மண்டியிட்டான். மற்ற எட்டுப் பேய்களும் மண்டியிட்டன.

"ஒண்ணு, ரெண்டு, மூணு..."

"உள்ள வாங்கய்யா," என்று இயக்குநர் கத்தினார்.

"எப்படி சார் வர்றது? நாங்க பேயில்லையா?" என்றான் காஸ்பர், தலை நிமிராமல். "பேச்சுக் கொடுக்காதீங்க. முப்பத்தெட்டுல இருந்தேன்."

எஃப்ரயிம் திரும்பி அவன் பக்கத்தில் குனிந்தார். "டேய், அந்தப் பலகை இடுக்குல நாலு அரிசியை விட்டுட்டே."

இயக்குநர் தலையில் அடித்துக்கொண்டார். பிறகு சிரித்தார். கேமரா ஓடிக்கொண்டேயிருந்தது.

படத்தை மாதா கோயில் கூடத்தில் திரையிட்டபோது, பேய்கள் அரிசி எண்ணும் இடத்தில் ஊரே உருண்டு சிரித்தது. எஃப்ரயிமின் முகமோ ஒரு முழு ஈரப்பலாக்காயைச் சுட்டுத் தின்று முடிக்கும் நேரம்வரை திரையை அடைத்துக்கொண்டு நின்றது.

நான் எழுதிய இந்தக் கதையை வாசித்துக் காட்டியபோது அவர் மனைவி இஸ்மே மீன் கழுவுவதை நிறுத்தினாள்.

"முகமா? பேய் துரத்துறப்ப எவன் பல்லைக் காட்டுவான்னு அதை வெட்டி எறிஞ்சுட்டாங்க டீச்சர். தெரிஞ்சது இடது காது. அதுலயும் பாதியை எங்கண்ணன் தொப்பி மறைச்சிடுச்சு."