ஏழுமலை அண்ணன் வயலில் நாங்கள் எடுக்காத ஷாட்

ஞாயிற்றுக்கிழமை காலை. நோணாங்குப்பம் படகுத்துறைக்கு வந்த கார்களுக்கு நடுவில் எங்கள் வண்டி நகராமல் நின்றது. வானம் வேறு கறுத்துக்கொண்டு வந்தது. பாகூர்ப் பக்கம் ஏழுமலை அண்ணனின் நெல் அறுப்பை எடுக்க வேண்டும். எங்கள் ஆவணப்படத்துக்கு அதுதான் முக்கியமான நாள். போனில், "வந்துகினே இருக்கோம்ணே" என்றேன். "பொறுமையா வாங்கம்மா" என்றார்.

அதற்கு முன் நான் நெல்லித்தோப்பில் கல்யாண வீடியோ எடுத்தவள். மாப்பிள்ளையை இப்படித் திரும்பு, அப்படிச் சிரி என்று அதட்டியே பழக்கம். இந்தப் படத்தில் அந்த வேலை செல்லாது. டைரக்டர் ஜோசப் சார் தொடக்கத்திலேயே சொல்லிவிட்டார்: "அவர் பாட்டுக்கு அவர் வேலையப் பாக்கட்டும். எதையும் செய்யச் சொல்லக் கூடாது, கூட சேந்து செய்யவும் கூடாது. நாம அங்க இல்லன்னே வெச்சிக்கம்மா."

அண்ணனுக்கோ நாங்கள் விருந்தாளிகள். கேமராவை வெளியே எடுத்தாலே மண்வெட்டியை வைத்துவிட்டு நாற்காலி தேடப் போய்விடுவார். "வந்தவங்கள கண்டுக்காம வேல செஞ்சா நல்லாவா இருக்கும்?" என்பார். சாருக்குத் தலைவலி. எனக்கு அந்த மனுஷனை அப்போதே பிடித்துப்போனது.

ஒருவழியாக வயலுக்குப் போய்ச் சேர்ந்தால், அறுப்பு மெஷின் பக்கத்து வயலில் ஓடிக்கொண்டிருந்தது. அண்ணன் நெல் அப்படியே நின்றது. மெஷின் முறை வைத்து வரும். தன் முறையை அவர் பக்கத்து வயல் மங்காக்காவுக்கு விட்டுக்கொடுத்திருந்தார். மழை பிடித்தால் கதிர் சாய்ந்துவிடும், சேற்றில் மெஷினும் இறங்காது. ஒரு போகத்து உழைப்பு மொத்தமும் போய்விடும்.

"ஏண்ணே விட்டீங்க?"

"நீங்க வரதுக்குள்ள அறுத்துட்டா உங்க படத்துல அறுப்பு இருக்காதேம்மா."

எனக்கு அழுகையே வந்துவிட்டது.

மங்காக்காவுக்கு விஷயம் அப்போதுதான் தெரிந்தது. வரப்பில் நின்றபடியே சத்தம் போட்டார்: "டேய் ஏழுமல, படம் புடிக்கறவங்களுக்காக நெல்ல நனைய வுடுவியாடா?" மெஷின்காரரைப் பார்த்து, "நிறுத்துப்பா. மொதல்ல அவன்து அறு. என்னுது மேட்டு நெலம், தாங்கும்" என்றார்.

மெஷின் இறங்கியது. அறுப்பை எடுத்து முடித்தேன். நெல்லைக் களத்தில் கொட்டும்போதே தூறல் விழுந்தது; அதையும் எடுத்தேன். அண்ணனும் அவர் மனைவியும் தார்ப்பாயை விரிக்க, காற்று அதைப் பிடுங்கியது. இப்படி ஒரு ஷாட் வாழ்க்கையில் எப்போதாவதுதான் அமையும். கேமராவைத் தூக்கினேன். அதற்குள் ஜோசப் சார் ஓடிப்போய்த் தார்ப்பாயின் ஒரு முனையில் உட்கார்ந்துவிட்டார்.

"என்னம்மா பாத்துகினு நிக்கிற? ஓடியா!"

கேமராவை வண்டிக்குள் வைத்துவிட்டு நானும் ஓடினேன். தொப்பலாக நனைந்தோம். நெல் நனையவில்லை.

இப்போது எங்கே படம் எடுக்கப் போனாலும், "எங்களுக்காக எந்த வேலையையும் நிறுத்தாதீங்க" என்றுதான் பேச்சையே ஆரம்பிக்கிறேன். புதிதாகக் கேமரா தூக்கும் பிள்ளைகளுக்கும் இதையே சொல்கிறேன். தங்கள் வேலைக்கு நடுவில் நமக்கு இடம் விடுகிறவர்களால்தான் நம் பிழைப்பு நடக்கிறது. ஏழுமலை அண்ணனுக்கும் மங்காக்காவுக்கும் நான் என்றைக்கும் நன்றியுள்ளவள்.

படத்தைப் புதுச்சேரியில் ஒரு சின்ன அரங்கில் போட்டுக் காட்டினோம். முடிந்ததும் ஒருவர் எழுந்து கேட்டார்: "மழை வருது, அடுத்த சீன்ல வெயில் அடிக்குது. நடுவுல அந்த நெல்லு என்ன ஆச்சுன்னு ஏன் எடுக்கல?"

சார் மைக்கை எடுத்தார். அதற்குள் முன்வரிசையில் இருந்த ஏழுமலை அண்ணன் எழுந்து திரும்பினார்.

"அப்ப எப்படிங்க எடுப்பாங்க? எங்கூட தார்ப்பாய் புடிச்சிகினு இருந்தாங்க."