எந்தத் தெரு?

சென்னையில் என் வேலை போனில் புகார் கேட்பது. வாரத்தில் ஆறு நாள் முகம் தெரியாதவர்கள் திட்டுவார்கள். ஏழாவது நாள் திட்டக்கூட ஆள் இருக்காது. அதனால் ஞாயிறுதோறும் சீசன் டிக்கெட்டோடு தாம்பரத்துக்கும் கடற்கரைக்குமாக மின்சார ரயிலில் சும்மா போய்வருவேன். ஹாஸ்டலில் கேட்டால் தோழி வீட்டுக்குப் போனதாகச் சொல்வேன்.

போன ஆடியில் அப்படிப் போனபோது எதிரே ஒரு அக்கா உட்கார்ந்திருந்தார். நகக்கண்ணெல்லாம் வெள்ளி நிறப் பொடி. எத்தனை சோப்புப் போட்டாலும் போகாது. சிவகாசியில் பிறந்த எனக்குத் தெரியாதா? "அக்கா, பட்டாசு வேலையா?" என்றேன்.

"எப்பிடித்தா கண்டுபிடிச்ச?" அவருக்கு முகமெல்லாம் சிரிப்பு. நாரணாபுரம் பக்கம் ஒரு கம்பெனியில் வெடிக்கு மருந்து நிரப்புகிறாராம். தாம்பரம் ஸ்டேஷனை ஒட்டிய நர்சிங் காலேஜில் மகளைச் சேர்த்துவிட்டு, ஊருக்கு ரயில் பிடிக்க எழும்பூர் போகிறார். காராச்சேவுப் பொட்டலத்தைப் பிரித்து என்னிடம் நீட்டினார்.

"அம்புட்டுச் சனம் இருக்கு, தெரிஞ்ச மொகம் ஒண்ணு இல்ல. எம்புள்ள ஒத்தையில கெடக்கும். ஒன் நம்பரக் குடேன், ஏதாவதுன்னா கூப்பிடும்."

சந்தோஷமாகத்தான் போனை எடுத்தேன்.

"சிவகாசில எந்தத் தெரு, தாயி?"

எங்கள் ஊரில் தெருவைக் கேட்டால் சாதியைக் கேட்பதாக அர்த்தம். பதிலைக் கேட்டதும் எதிராளியின் முகம் மாறுவதைச் சின்ன வயதிலிருந்து பார்த்துவருகிறேன். இந்த முகமும் மாறுவதைப் பார்க்க எனக்குத் தெம்பில்லை. "ஸ்டேஷன் வந்துருச்சுக்கா" என்று நுங்கம்பாக்கத்தில் குதித்து இறங்கிவிட்டேன். நம்பர் கொடுக்கவில்லை. அவர் பேரைக்கூடக் கேட்கவில்லை.

மூன்று வாரம் கழித்து, நாரணாபுரம் பக்கத்துப் பட்டாசு ஆலை ஒன்றில் வெடிவிபத்து. பேப்பரில் இறந்தவர்களின் பேரும் வயதும் இருந்தன. படம் இல்லை. நாலு பேர் பெண்கள். அதில் ரெண்டு பேருக்கு அவர் வயதுதான் இருக்கும். ரெண்டும் அவராக இருக்கக் கூடாது என்று வேண்டினேன். அப்படியானால் வேறு யார் சாகலாம் என்கிறாய் என்று என்னையே கேட்டுக்கொண்டபோது அசிங்கமாக இருந்தது.

அம்மாவுக்குப் போன் போட்டேன். "பேரு தெரியாம யாருன்னு விசாரிக்க?" என்றாள்.

அடுத்த ஞாயிறு தாம்பரத்தில் இறங்கி அந்தக் காலேஜ் வாசலில் போய் நின்றேன். சிவகாசிப் பெண் யாராவது படிக்கிறாளா என்று வாட்ச்மேனிடம் கேட்டேன்.

"ஒரே ஒரு பொண்ணும்மா. அம்மா போயிட்டாங்கன்னு போன வாரம் போன் வந்துச்சு. கூடப் போறதுக்கு இங்க தெரிஞ்சவங்க இருக்காங்களான்னு கேட்டோம். யாரும் இல்லன்னுச்சு. தனியாத்தான் போச்சு."