எவாசியோவைப் பிடிக்க யாரும் வரவில்லை

எவாசியோ கரிலியோவைப் போலீஸ் கூட்டிக்கொண்டு போவது எங்கள் சான் பவோலோ பேட்டையில் யாரும் திரும்பிப் பார்க்கிற சமாச்சாரம் அல்ல. ரோமிலிருந்து நாட்டை ஆட்டிப்படைக்கிற பெரியவர் தூரின் நகரத்துக்கு வருகிறார் என்றாலோ, அரச குடும்பத்தில் கல்யாணம் என்றாலோ, மே முதல் தேதி நெருங்கினாலோ, முதல் நாளே ஏட்டு லோ பிரெஸ்தி இரண்டு சிப்பாய்களோடு வந்துவிடுவார். புதிய குற்றம் எதுவும் கிடையாது. முதல் உலகப் போருக்குப் பிறகு தொழிலாளிகள் ஆலைகளைப் பிடித்து வைத்திருந்த காலத்தில், எவாசியோ ஒரு துப்பாக்கியைத் தோளில் மாட்டிக்கொண்டு ஆலை வாசலில் காவல் நின்றான். அதில் தோட்டா இருந்ததா என்று அவனுக்கே தெரியாது. ஆனால் போலீஸ்காரர்களுக்கு மறதி என்பது எப்போதும் பணக்காரர்கள் விஷயத்தில் மட்டும்தான் வரும்.

உள்ளே வைத்து அடிப்பதும் இல்லை, விசாரிப்பதும் இல்லை. பழைய சிறையில் ஒரு பெரிய கூடத்தில் இவனைப் போன்றவர்களையெல்லாம் சேர்த்து அடைப்பார்கள். பெரியவர் மாடத்தில் நின்று கத்திவிட்டு ரயில் ஏறியதும் திறந்து விடுவார்கள். அதுவரை சீட்டாட்டம், யாராவது கொண்டுவந்த சலாமி இறைச்சி, அடங்கிய குரலில் பழைய பாட்டு. எவாசியோவின் மனைவி தெல்ஃபினா கம்பளிக் காலுறையையும் ஒரு துண்டு பாலாடைக்கட்டியையும் துணியில் முடிந்து தயாராக வைத்திருப்பாள். "மாமியார் வீட்டுக்குப் போயிட்டு வந்துடறேன்" என்று சொல்லிவிட்டு அவன் படியிறங்குவான். முற்றத்தைச் சுற்றிக் கம்பிக் கைப்பிடி போட்ட நடைகளில் நின்று குடியிருப்பே வேடிக்கை பார்க்கும். அவன் திரும்பி வரும்போது கீழே மதுக்கடையில் அவனிடம் காசு வாங்க மாட்டார்கள்.

அந்தக் காசு வாங்காத கிண்ணத்தில்தான் அவன் வாழ்க்கையின் மரியாதை அத்தனையும் இருந்தது. மற்றவர்கள் என்ன செய்தார்கள்? சனிக்கிழமை மத்தியானம் பெரியவர் கட்சியின் கருப்புச் சட்டை போட்டு அணிவகுத்தார்கள். கட்சி அட்டையை ரொட்டிச் சீட்டு என்றும், மார்பில் குத்துகிற கட்சிச் சின்னத்தை மூட்டைப்பூச்சி என்றும் சொல்லிச் சிரித்துவிட்டு, குத்திக்கொண்டார்கள். கெட்டவர்கள் இல்லை. பிள்ளைகுட்டிக்காரர்கள். சிரிக்க முடிந்தவரை தாங்கள் தலைகுனியவில்லை என்று நினைத்துக்கொண்டார்கள். அவர்களுக்கும் சேர்த்து ஒருவன் சிறைக்குப் போய்வருவது அவர்களுக்குச் சௌகரியமாக இருந்தது. எவாசியோவுக்கும் இது தெரியும். தெரிந்தும் அந்தப் பெருமையை விட முடியவில்லை. லேத் ஓட்டுகிறவனுக்கு வேறு என்ன சொத்து?

பெரியவர் கடல் தாண்டி நடத்திய அபிசீனியப் போருக்கு மூன்று வருஷம் முந்தி அவன் மகள் இர்மா இருமத் தொடங்கினாள். வசந்தத்தில் கைக்குட்டையில் ரத்தம் தெரிந்தது. நுரையீரல் நோய், மலைமேல் இருக்கிற மருத்துவ விடுதிக்கு அனுப்பினால் பிழைப்பாள், இந்தப் புகையில் இருந்தால் அடுத்த குளிர்காலம் தாண்ட மாட்டாள் என்று டாக்டர் சொல்லிவிட்டார். மலையில் படுக்கைகள் கொஞ்சம், கேட்பவர்கள் ஊர்ப்பட்ட பேர். இர்மாவுக்கு எப்படியோ கிடைத்தது. அதிர்ஷ்டம் என்று எவாசியோ நம்பினான். அவளை ரயிலேற்றிவிட்டு வந்த அன்று, பல வருஷங்களுக்குப் பிறகு, கோயிலைத் தாண்டும்போது தொப்பியைக் கழற்றினான்.

அந்த இலையுதிர் காலத்தில் பெரியவர் வருவதாகச் சுவரெல்லாம் எழுதினார்கள். வழக்கம்போல எவாசியோ முதல் நாள் மத்தியானமே ஆலையில் சொல்லிவிட்டு வந்து, முகம் மழித்து, துணி முடிச்சை மடியில் வைத்துக்கொண்டு நடையில் நாற்காலி போட்டு உட்கார்ந்தான். பக்கத்து வீட்டு செக்கோந்தோவும் அப்படியே உட்கார்ந்திருந்தான். வார்ப்புப் பட்டறைக்காரன், சிறைக்கூடத்தில் எவாசியோவின் சீட்டுக் கூட்டாளி.

ஏட்டு மூச்சு வாங்கிக்கொண்டு படியேறி வந்தார். எவாசியோ எழுந்து நின்றான். அவர் அவனைத் தாண்டிப் போய் செக்கோந்தோவின் தோளைத் தொட்டார்.

"கெளம்புப்பா."

"இவனை மறந்துட்டீங்களே ஏட்டையா" என்றான் செக்கோந்தோ சிரித்துக்கொண்டே. "இவன் இல்லாம எனக்குச் சீட்டு வெளையாடக் கை ஓடாது."

"இவரை விட்டாச்சு."

"விட்டாச்சுன்னா?"

"விட்டாச்சுன்னா விட்டாச்சு. இவரு இப்ப நல்லவரு." ஏட்டு தொப்பியைக் கழற்றி நெற்றியைத் துடைத்துக்கொண்டார். "நீயும் நல்லவனாயிட்டா எனக்கு இத்தனை படி ஏற வேண்டாம்."

நான்கு மாடி நடைகளிலும் ஆட்கள். துணி உலர்த்திய பெண்கள் கையை நிறுத்திக்கொண்டார்கள். செக்கோந்தோவின் சிரிப்பு முகத்திலேயே கொஞ்ச நேரம் இருந்து, பிறகு போய்விட்டது. அவன் படியிறங்கும்போது திரும்பிப் பார்க்கவில்லை. கையில் துணி முடிச்சோடு நடுநடையில் நின்ற எவாசியோவுக்கு, சட்டை போடாமல் தெருவுக்கு வந்துவிட்டதைப் போலக் கூசியது.

நேரே காவல் நிலையத்துக்குப் போனான்.

"என்னையும் உள்ள போடுங்க" என்றான்.

ஏட்டு மேசையில் ஆரஞ்சு உரித்துக்கொண்டிருந்தார். சிசிலிக்காரர், தூரினில் கிடைக்கிற பழத்தை உரிக்கும்போதெல்லாம் அலுத்துக்கொள்வார். "உக்காரு. கிறுக்குப் புடிச்சிருக்கா உனக்கு?"

"பேட்டை முழுக்க என்னைப் பாக்குது ஏட்டையா. நான் ஆள்காட்டின்னு நெனைப்பாங்க."

"நெனைக்கட்டும். மலையில மக எப்படி இருக்கா?"

எவாசியோவுக்குச் சட்டென்று புரியவில்லை. ஏட்டு ஒரு சுளையை நீட்டினார். அவன் வாங்கவில்லை.

"உனக்குத் தெரியாதா? சரிதான். உன் வீட்டுக்காரி கட்சி ஆபீஸ் அம்மாகிட்ட வந்து கால்ல விழாத கொறையா அழுதிருக்கா. எம்புருஷன் திருந்திட்டாரு, பழைய சகவாசமெல்லாம் விட்டாச்சு, சிவப்புன்னா அவருக்குக் கிண்ணத்துல ஊத்துற ஒயின் மட்டுந்தான்னு சத்தியம் பண்ணியிருக்கா. அந்தம்மா தன் புருஷன்கிட்டச் சொல்ல, அவரு எங்க ஐயாகிட்டச் சொல்ல, படுக்கை கெடைச்சுது." சுளையைத் தானே வாயில் போட்டுக்கொண்டார். "இப்ப உன்ன நான் உள்ள போட்டா என்ன அர்த்தம்? நீ திருந்தலைன்னு அர்த்தம். திருந்தாதவன் மகளுக்கு அங்க எதுக்குப் படுக்கைன்னு நாளைக்கே கேப்பாங்க. கேக்கறவன் நானில்ல. நான் படி ஏறி எறங்கறவன். வீட்டுக்குப் போ."

லோ பிரெஸ்தி கெட்ட மனிதர் அல்ல என்பதுதான் இதில் வயிற்றெரிச்சல். எவாசியோவுக்குத் திட்டுவதற்குக்கூட ஆள் இல்லாமல் போயிற்று.

வீட்டில் தெல்ஃபினா சோளக்கூழ் கிளறிக்கொண்டிருந்தாள். அவன் முகத்தைப் பார்த்ததுமே துடுப்பை நிறுத்திவிட்டாள்.

"சொன்னாங்களா?"

"நீ ஏன் சொல்லல?"

"சொல்லியிருந்தா நீ வேண்டாம்னிருப்ப."

"வேண்டாம்னுதான் சொல்லியிருப்பேன்."

"அதான் சொல்லல." அவள் குரல் உயரவில்லை. "நீ சிறைக்குப் போற ஒவ்வொரு தடவையும் உன் முடிச்சை நான்தான் கட்டினேன். ஒரு தடவையாவது போகாதேன்னு சொன்னேனா? இது எம்பொண்ணு எவாசியோ. உன் மானத்தை வச்சு அவளுக்கு மூச்சு வாங்கிட்டேன். அடிக்கணும்னா அடி."

அவன் அடிக்கவில்லை. அவள் செய்தது தப்பு என்று சொல்ல வாய் திறந்தால், மகள் சாகட்டும் என்று சொன்னதாகிவிடும். நாற்காலியை இழுத்து உட்கார்ந்து, "அங்க அவளுக்குப் பால் குடுக்கறாங்களாமா?" என்று கேட்டான். "குடுக்கறாங்க" என்றாள். அதற்குமேல் அவர்கள் அதைப் பற்றிப் பேசியதே இல்லை.

பெரியவர் வந்தார், கத்தினார், போனார். மற்றவர்களைத் திறந்து விட்டார்கள். செக்கோந்தோ மட்டும் திரும்பி வரவில்லை. அவன் உள்ளே இருந்தபோது வீட்டைச் சோதனை போட்டிருக்கிறார்கள்; சிறையில் கிடப்பவர்களின் குடும்பங்களுக்காகச் சேர்த்து வைத்த பணம் மாவுப் பானைக்குள் அகப்பட்டுவிட்டது. அவனைத் தெற்கே ஒரு தீவுக்குக் காவல் கைதியாக அனுப்பினார்கள். எல்லாரும் வைக்கிற இடத்தில்தான் அவனும் வைத்திருந்தான்; எந்த வீட்டுக்குப் போனாலும் போலீஸ் முதலில் மாவைத்தான் கொட்டிப் பார்க்கும். ஆனால் பேட்டைக்கு அந்தக் கணக்கு வேண்டியிருக்கவில்லை. பானை விஷயம் தெரிந்தவன் பக்கத்து வீட்டுக்காரன். அவனை ஏட்டு விட்டுவிட்டுப் போனதை எல்லாரும் கண்ணால் பார்த்திருக்கிறார்கள்.

செக்கோந்தோவின் மனைவி ஜெம்மா ஒருநாள் தண்ணீர் வாளியோடு படியில் எதிரே வந்தாள். எவாசியோ ஒதுங்கி வழிவிட்டான்.

"ஜெம்மா, நான் இல்ல" என்றான்.

"நீ இல்லைன்னா வேற என்ன காரணத்துக்கு உன்ன விட்டாங்க? சொல்லு, கேக்கறேன்."

சொல்லலாம். ஒரே வாக்கியம். அதைச் சொன்னால் அவள் நம்புவாள். இரண்டு பிள்ளைகளைப் பெற்றவள். ஆனால் தலைக்கு மேலே நடையில் யாரோ காலை மாற்றி வைக்கிற சத்தம் கேட்டது. இந்தக் குடியிருப்பில் சொன்னது மாலைக்குள் கட்சி ஆபீஸ் அம்மாவின் காதுக்குப் போகும். தெல்ஃபினாவின் சத்தியம் பொய் என்றாகும். மலையிலிருந்து இர்மாவை இறக்குவார்கள்.

அவன் சுவரோடு இன்னும் ஒட்டி நின்றான்.

"உம்மகளுக்கு மலைக்காத்து" என்றாள் ஜெம்மா. "எம்புருஷனுக்குக் கடல்காத்து. ரெண்டும் ஒடம்புக்கு நல்லதுதான்."

அதன் பிறகு மதுக்கடையில் அவன் நுழைந்தால் பேச்சு கால்பந்துக்கு மாறியது. கடைக்காரன் அவனிடம் காசு வாங்கினான். அதுவும் நன்றி சொல்லி வாங்கினான். ஒருவரும் அவனைத் திட்டவில்லை, அடிக்கவில்லை. பயந்தார்கள். அதைவிடக் கேவலம், சிலர் தனியாக வந்து பல்லைக் காட்டினார்கள். "உங்க ஆளுங்ககிட்ட ஒரு வார்த்தை சொன்னா எம்பையனுக்கு டிராம் கம்பெனியில வேலை கெடைக்கும்ணே" என்று அண்ணன் போட்டுக் கேட்டவன், முன்பு இவனுக்கு இலவசமாக ஒயின் ஊற்றச் சொல்லிக் கத்தினவன். எவாசியோ அவன் காலில் துப்பினான். அவ்வளவு திமிர் இருக்கிறதென்றால் நிச்சயம் பெரிய இடத்துத் துணை இருக்கிறது என்று பேட்டை முடிவு செய்துகொண்டது.

இர்மா பிழைத்தாள். கன்னம் உப்பி, நிறம் வந்து இறங்கினாள். ஸ்டேஷனில் அவளைப் பார்த்ததும் எவாசியோ குலுங்கிக் குலுங்கி அழுதான். அந்த அழுகையில் நூற்றில் ஒரு பங்குகூட இழந்த மரியாதைக்கான வருத்தம் இல்லை. அதையும் சொல்லித்தான் ஆக வேண்டும். நோய் திரும்பினால் படுக்கை வேண்டுமே என்று அவன் அப்புறமும் வாய் திறக்கவில்லை. அவள் அலெஸ்ஸாந்திரியாவில் ஒருவனைக் கட்டிக்கொண்டு போனாள். அதற்குள் வாய் திறந்தாலும் கேட்க ஆள் இல்லை.

பிறகு பெரிய போர் வந்தது. குண்டு விழுந்தது, வீடுகள் விழுந்தன, ரொட்டி கையகலம் ஆயிற்று. மூட்டைப்பூச்சி குத்திக்கொண்டவர்களே வரிசையில் நின்று முணுமுணுக்கத் தொடங்கினார்கள். நான்காம் வருஷம் மார்ச் மாதத்தில், ஆலையில் காதோடு காதாக ஒரு சேதி ஓடியது: குறித்த நாளில், காலை பத்து மணிக்குத் தினமும் ஊதிப் பார்க்கிற அபாயச் சங்கு ஒலித்ததும், எல்லாரும் இயந்திரத்தை நிறுத்திவிட வேண்டும். கழிப்பறையில், கூழ் வரிசையில், டிராமில் அந்தச் சேதி போகாத ஆள் இல்லை. எவாசியோவை மட்டும் சுற்றிக்கொண்டு போயிற்று.

அந்தக் காலை நிர்வாகம் எப்படியோ மோப்பம் பிடித்து, சங்கை ஊத விடவில்லை. ஆட்கள் கைக்கடிகாரத்தைப் பார்த்து நிறுத்தினார்கள். எவாசியோ லேத்தில் குனிந்திருந்தான். கூடத்தின் சத்தம் கொஞ்சம் கொஞ்சமாக வடிவது கேட்டது. மின்சாரம் போய்விட்டது என்று நினைத்தான். ஆனால் அவன் கைக்கு அடியில் இரும்பு சுழன்றுகொண்டிருந்தது. நிமிர்ந்தான். கூடம் முழுக்க ஆண்களும் பெண்களும் கையைக் கட்டிக்கொண்டு நின்றார்கள். அவனுடைய இயந்திரம் ஒன்றுதான் ஓடிக்கொண்டிருந்தது.

இருபது வருஷமாக அவன் காத்திருந்த நாள் இதுதான் என்று அவனுக்குப் புரிவதற்குள், மேஸ்திரி பின்னால் வந்து அவன் தோளில் கை போட்டார்.

"பாருங்கடா" என்றார் எல்லாருக்கும் கேட்கும்படி. "இந்த ஒருத்தனுக்காவது நன்றி இருக்கு."

எவாசியோ அந்தக் கையை உதறித் தள்ளினான். லேத்தை நிறுத்தினான். மற்றவர்களைப் போலவே கையைக் கட்டிக்கொண்டு நின்றான். பக்கத்து இயந்திரத்துக்காரன் அவனைப் பார்த்தான். அந்தப் பார்வையில் வெறுப்புகூட இல்லை.

"நீங்க ஓட்டுங்கண்ணே" என்றான் தாழ்ந்த குரலில். "உங்களை யாரும் நிறுத்தச் சொல்லலையே."